கல்பாக் விழுந்த இடம்

உலகத்தாருக்கும், அண்டை மாகாணத்தாருக்கும், குறிப்பாகத் தங்கள் ஊர்தான் பெரிய ஊர் என்று நினைத்துக்கொண்டிருக்கும் ஆற்றுக்கு அக்கரைக்காரர்களுக்கும் இதனால் அறிவிக்கப்படுவது என்னவென்றால்: தாஷ்-கெச்சூ விமான நிலையம் இனிமேல் பன்னாட்டு விமான நிலையம். அதற்கான பலகை வந்து இறங்கிவிட்டது. இருட்டினால் எழுத்துகள் நீலமாக எரியும். கரண்டு இருந்தால்.

பலகை வருவதற்கு முன்னால் இங்கே தலைநகர் விமானம் மட்டும் வந்து போய்க்கொண்டிருந்தது. பலகைக்குப் பிறகு வாரம் ஒரு தடவை வெளிநாட்டிலிருந்தும் ஒன்று வரும் என்றார்கள். அதில் சுரங்கத்தில் பணம் போடுகிறவர்கள் வருவார்கள், கோட்டும் சூட்டுமாக இறங்கி எங்கள் மலையைப் பார்த்து மயங்குவார்கள் என்றார்கள். கழிப்பறைக்குக் கதவு மட்டும் அடுத்த கட்டத்தில் வரும்.

கைர்நிசா இந்த விமான நிலையத்தில் மஞ்சள் கார் ஓட்டினாள். கூரையில் 'என் பின்னால் வா' என்று பலகை பொருத்திய கார். தரையிறங்கிய விமானத்தை ஓடுதளத்தின் முனையிலிருந்து அழைத்து வந்து நிற்கவேண்டிய இடத்தில் நிறுத்துவது வேலையில் பாதி. அந்த நேரத்தில் பெட்டி வண்டி, எண்ணெய் லாரி, படிக்கட்டு வண்டி, தெருநாய் எதுவும் குறுக்கே வராமல் பார்த்துக்கொள்வது மீதி. குளிர்காலத்தில் கணவாய்க் காற்று கதவைத் திறக்கவிடாது. கோடையில் கான்கிரீட் கொதித்துச் செருப்பு ஒட்டும். அவள் வாய் இரண்டு காலத்திலும் ஒரே சூடு. பெட்டி ஏற்றும் ஆண்கள் அவள் ரேடியோவில் தொண்டையைச் செருமினாலே வண்டியை ஓரம் கட்டுவார்கள்.

முதல் வெளிநாட்டு விமானம் வந்த அன்று தளத்தின் ஓரத்தில் வெள்ளைக் கம்பளிக் கூடாரம் போட்டிருந்தார்கள். விருந்தாளி வந்தால் எங்கள் ஊரில் கூடாரம் போடாமல் இருக்க முடியாது. விமான நிலையம் என்பதற்காகப் பழக்கத்தை விடுவார்களா? கைர்நிசா விமானத்தைக் கூடாரத்திலிருந்து எட்டத்தில் நிறுத்த அழைத்துக்கொண்டு வந்தாள். பின்னால் அத்தனை பெரிய இரும்பு, இரண்டு இன்ஜினும் உறுமிக்கொண்டு, அவள் காரின் பலகையை நம்பி வருகிறது. அப்போதுதான் துணை ஆளுநர் ஜான்போலோத்தின் கறுப்பு ஜீப்புகள் வேலிக் கதவு வழியாக வரிசையாகப் புகுந்தன. விருந்தாளி படியில் கால் வைக்கும்போது கீழே தான் நிற்கவேண்டும் என்பது அவர் அவசரம். சுற்றி வர நேரமில்லை. விமானத்தின் மூக்குக்கு அடியில் புகுந்து போய்விடலாம் என்று கிளம்பிவிட்டார்கள்.

கைர்நிசா ஸ்டியரிங்கை ஒடித்து முதல் ஜீப்புக்குக் குறுக்கே காரைப் போட்டாள்.

ஜீப் முட்டுகிற மாதிரி வந்து நின்றது. கேமராவுக்குக் கையாட்டுவதற்காக ஜன்னலுக்கு வெளியே பாதி உடம்பைத் தொங்கவிட்டிருந்த துணை ஆளுநரின் தலையிலிருந்து உயரமான வெள்ளைக் கல்பாக் தொப்பி கழன்று கான்கிரீட்டில் விழுந்து உருண்டது. கைர்நிசா அதைப் பார்த்தாள். காரை நேராக்கினாள். விமானத்தைக் கூட்டிக்கொண்டு போனாள். விமானத்தின் முன்சக்கரம் கல்பாக்கின் மேல் ஏறி இறங்கியது.

ஜீப்புகள் குறுக்கே வந்தது தப்பா என்று ஊரில் ஒருத்தரும் கேட்கவில்லை. கிர்கிஸ்காரன் தலையில் இருக்கிற கல்பாக் தரையைத் தொடக்கூடாது. தொட்டுவிட்டது. அதன்மேல் டயர் ஏறிவிட்டது. வீடியோவை ஊரே பார்த்துவிட்டது. சாயங்காலத்துக்குள் கைர்நிசாவிடமிருந்து கார் சாவியும் ரேடியோவும் வாங்கப்பட்டன. நிலைய இயக்குநர் ஓரோஸ்பாய், "கொஞ்ச நாளைக்குத்தாம்மா" என்றார். சாவி துணை ஆளுநரின் அக்கா மகனிடம் போனது. அவன் அதற்கு முன் கல்யாண ஊர்வலங்களில் பொண்ணு மாப்பிள்ளை கார் ஓட்டியவன்.

மறுநாள் மத்தியானம் அவள் வீட்டுக்கு மைத்துனர் தெமிர்குல் வந்தார். புருஷனின் அண்ணன், அதே விமான நிலையத்தில் பெட்டி இழுக்கும் டிராக்டர் ஓட்டுபவர். கைர்நிசா அடுப்படியில் நூடுல்ஸுக்கு மாவு இழுத்துக்கொண்டிருந்தாள். மாவுக் கயிற்றை இரண்டு கையிலும் பிடித்துப் பலகையில் ஓங்கி அடித்தாள். பக்கத்து வீடு வரை கேட்டது. வெளியே முற்றத்தில் அவள் புருஷன் ஷெர்காசி மண்டியிட்டுச் சாம்பல் குதிரையிடம் பால் கறந்துகொண்டிருந்தான். குட்டியை அதன் முகத்துக்கு முன்னால் கட்டியிருந்தான். குட்டி கண்ணுக்குத் தெரியாவிட்டால் அந்தக் குதிரை ஒரு சொட்டு இறக்காது. கோடை முழுக்க அந்தப் பாலைப் புளிக்கவைத்துக் கிமிஸ் விற்றுத்தான் குடும்பத்தின் பாதிச் செலவு ஓடியது. மீதிப் பாதி மஞ்சள் கார்.

"வாங்க அத்தான், ஒக்காருங்க. அந்த ஆளு தொப்பியப் பத்திப் பேச வந்திருந்தா டீ மட்டும் குடிச்சிட்டுக் கெளம்புங்க. வேற பேச்சுன்னா நூடுல்ஸும் உண்டு."

"அந்த ஆளா? துணை ஆளுநரும்மா. மரியாதையாச் சொல்லு."

"பேரச் சொல்லக்கூடாதே. நம்ம வம்சத்துப் பெரியவருன்னு நீங்கதான சொன்னீங்க? நான் மருமக. வேற எப்படிச் சொல்றது?"

எங்கள் பக்கம் மருமகள்கள் புருஷன் வழி மூத்த ஆண்களின் பேரை உச்சரிப்பதில்லை. கல்யாணமாகி வந்த நாளிலிருந்து அவள் தெமிர்குல்லின் பேரையும் சொன்னதில்லை. ரேடியோவில்கூட அவர் 'வண்டி ஏழு'தான். அதில் தெமிர்குல்லுக்கு ரொம்பப் பெருமை. தம்பி பொண்டாட்டி தொழில் இடத்திலும் முறை தவறாதவள் என்று டீக்கடையில் சொல்லிக்கொள்வார்.

தெமிர்குல் பொரித்த மாவுத் துண்டு ஒன்றை எடுத்துக் கடித்தார். "இயக்குநர் கூப்ட்டு விட்டாரும்மா. வழி ஒண்ணு இருக்காம். குதிரையும் அங்கியும்."

பலகைச் சத்தம் நின்றது.

பெரிய மனிதருக்குத் தப்புச் செய்தவன் ஒரு குதிரையைப் பிடித்துக் கொடுத்து, வெல்வெட் அங்கியைத் தோளில் போர்த்தி, மன்னிப்புக் கேட்டால் விவகாரம் தீர்ந்தது. பழைய வழக்கம். ரத்தப்பகையைக்கூட அப்படித் தீர்த்திருக்கிறார்கள்.

"யாரு யாருக்குக் குடுக்கணும்?" என்றாள்.

"நீங்க அவருக்கு."

"அவரு வந்து அந்த விமானத்துல இருந்த அத்தன பேருக்கும் ஆளுக்கொரு குதிர குடுக்கணும். விமானத்த அதட்டுனா நிக்கறதுக்கு அது என்ன ஆட்டுமந்தையா அத்தான்? குறுக்க வந்தது அவரு. தடுத்தது நானு. தப்பு எனக்கா?"

"ஜீப்ப நிறுத்துனது சரிதாம்மா. யாரு இல்லன்னா? கல்பாக்கத் தூக்கி மண்ணத் தட்டிக் குடுத்திருக்கலாம்ல? எறங்கி ரெண்டு எட்டு வச்சிருந்தா முடிஞ்சிருக்கும்."

"விமானத்தப் பின்னால நிக்க வச்சிட்டு நான் எறங்கித் தொப்பி பொறுக்கணும்!"

"மரியாதைன்னு ஒண்ணு இருக்குல்ல."

"அது அவரு தலையில சரியா ஒக்காந்திருந்தா ஏன் விழுது? ஜன்னல் வழியா மாடு எட்டிப் பாக்கற மாதிரித் தொங்குனா விழத்தான் செய்யும்."

தெமிர்குல் சுற்றுமுற்றும் பார்த்தார். "மெதுவாப் பேசு. ஒனக்கு மட்டுமில்ல, என் டிராக்டர் சாவியையும் வாங்கிருவோம்னு சொல்லிட்டாங்க. எனக்கு இந்த வயசுல எவன் வேல தருவான்? என் பொண்ணுக்கு இலையுதிர்ல கல்யாணம்."

ஷெர்காசி பால் வாளியோடு வாசலில் வந்து நின்றான். அவன் முன்பு பஸ் ஓட்டியவன். முதுகு போய் வீட்டோடு இருந்தான். எதற்கும் குரலை உயர்த்தாதவன். அதுவே சில சமயம் அவளுக்கு ஆத்திரம் மூட்டும்.

"குடுத்துரலாம்," என்றான்.

"எத?"

"குதிரையத்தான். ஒனக்கு அந்தக் கார் வேணும். கார் இல்லாம நீ வீட்டுல இருந்தா நாங்க எல்லாம் செத்தோம்."

"ஏங்க, சிரிக்கிற நேரமா இது? அதக் குடுத்தா நான் தப்புப் பண்ணுனேன்னு நானே ஒத்துக்கிட்ட மாதிரி. நாளைக்கு இன்னொருத்தன் ஜீப்போட வருவான். அப்ப நான் நிறுத்தணுமா, கல்பாக்கப் பாக்கணுமா? எனக்கே தெரியாமப் போயிரும்."

"குதிர இன்னொண்ணு வாங்கலாம்."

"குட்டி இன்னும் பால் மறக்கல. அது என்ன பாவம் பண்ணுச்சு? அதுவும் தொப்பிய மிதிச்சுதா?"

ஷெர்காசி வாளியைக் கீழே வைத்தான். அவன் அந்தக் குதிரையைப் பிறந்த அன்று தன் கோட்டுக்குள் வைத்துத் தூக்கி வந்தவன். அதைக் கொடுக்கலாம் என்று அவன் வாயிலிருந்து வந்தது அவளுக்கு அறை விழுந்த மாதிரி இருந்தது. அவள் மாவைத் திரும்ப எடுத்து, முதல் அடியில் பலகையே நகரும்படி அடித்தாள்.

தெமிர்குல் எழுந்தார். நூடுல்ஸுக்கு நிற்கவில்லை. கதவருகில் போய்த்தான் மிச்சத்தைச் சொன்னார். "ஒண்ணு சொல்ல விட்டுட்டேன். வீட்டுல வச்சு வாங்கிக்க மாட்டாராம். கல்பாக் விழுந்த எடத்துலயே, அடுத்த வெளிநாட்டு விமானம் வர்றப்ப, விருந்தாளி முன்னாடி, கேமரா முன்னாடி."

"தளத்துலயா? குதிரையவா?"

"ஆமா."

"அத்தான், உங்களுக்குப் புத்தி இருக்கா? நீங்க அங்கதான வேல பாக்கறீங்க? போன தடவ நான் விமானத்தக் கூடாரத்துக்கிட்ட ஏன் நிறுத்தலன்னு நெனக்கிறீங்க? அது திரும்பும்போது வால் பக்கம் அடிக்கிற காத்துல கூடாரம் மலைக்குப் பறந்திருக்கும். அங்க கொண்டு போயி ஒரு குதிரைய நிறுத்துவாராமா?"

"நான் சொன்னா கேப்பாங்களா?"

"யாரு சொன்னாக் கேப்பாங்க?"

அவள் அன்றே இயக்குநர் அறைக்குப் போய் அதையேதான் கத்தினாள். ஓரோஸ்பாய் கதவைச் சாத்திவிட்டு அவளுக்குச் சர்க்கரை போட்டுத் தேநீர் கொடுத்தார். கூடாரத்தைத் தள்ளிப் போட முடியாதாம். விருந்தாளி இறங்கியதும் கூடார வாசல் முகத்துக்கு நேராக இருக்கவேண்டுமாம். டவருக்குச் சொல்லியாகிவிட்டது. டவரில் இருக்கிற சாலிமாவிடம் 'கலை நிகழ்ச்சி' என்று சொல்லியிருக்கிறார்கள். குதிரை என்று சொல்லவில்லை, சொன்னால் எழுதிவைப்பாள். "ஒரு அரை மணி நேரம் பல்லக் கடிச்சுக்கம்மா. ஒன் சாவிய நானே கையில தர்றேன்." கைர்நிசா தேநீரைக் குடிக்காமல் அவர் மேசையிலேயே வைத்துவிட்டு வந்தாள். அவள் சம்மதிக்கவில்லை. வரமாட்டேன் என்றும் சொல்லவில்லை. வீட்டுக்கு வந்தபோது ஷெர்காசி குதிரையின் பிடரியைச் சீவிக்கொண்டிருந்தான்.

அடுத்த வெளிநாட்டு விமானம் வந்த அன்று வெயில் நன்றாகவே அடித்தது. கூடாரத்துக்கு முன்னால் கம்பளம், கம்பளத்தின் மேல் மேசை, மேசையில் வறுத்த ஆட்டுத்தலை, பொரித்த மாவுக் குவியல், பழம், கிமிஸ் கிண்ணங்கள். கிமிஸ் இந்தக் குதிரையுடையதுதான். துணை ஆளுநர் புதுக் கல்பாக்கில் நின்றார். முதலில் விழுந்ததைவிட இது உயரம். கைர்நிசா கையில் மடித்த வெல்வெட் அங்கியோடு நின்றாள். அவள் அந்த மாதிரி வாயை மூடி நின்று யாரும் பார்த்ததில்லை. பெட்டி ஏற்றுகிறவர்களே முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள்.

விமானம் தரையிறங்குவதற்கு முன்பே சடங்கில் முதல் பாதியை முடித்துவிடச் சொன்னார்கள். விருந்தாளி இறங்கும்போது துணை ஆளுநர் ஒரு கையில் கடிவாளமும் தோளில் அங்கியுமாகத் தயாராக இருக்கவேண்டும். ஷெர்காசி கடிவாளத்தை அவர் கையில் கொடுத்தான். கொடுத்த கையைக் குதிரையின் கழுத்தில் ஒரு தரம் வைத்துவிட்டு எடுத்தான். கைர்நிசா அங்கியைத் தோளில் போர்த்தினாள்.

"சொல்லு," என்றார் ஜான்போலோத், கேமராவைப் பார்த்துச் சிரித்துக்கொண்டே. "என் பேரச் சொல்லி மன்னிப்புக் கேளு."

"மருமக பேரச் சொல்லக்கூடாதுங்க," என்றாள் கைர்நிசா. "மரியாதைன்னு ஒண்ணு இருக்குல்ல."

யாரோ பின்னால் இருமினார்கள். அவர் வாயைத் திறப்பதற்குள் விமானம் வந்துவிட்டது.

மஞ்சள் காரில் அக்கா மகன் அதைக் கூட்டி வந்தான். கல்யாண ஊர்வலத்தில் ஓட்டுகிற மாதிரியே, ஒரு கை ஜன்னலில், மெதுவாக, அழகாக. கூடாரத்துக்குப் பக்கத்து இடத்துக்கே கூட்டி வந்தான். வாசலுக்கு நேராக நிறுத்தவேண்டும் என்றால் விமானம் அங்கே முழுசாக ஒரு திரும்பு திரும்பவேண்டும். கைர்நிசா இரண்டு கையையும் தூக்கிக் குறுக்கே ஆட்டினாள். அக்கா மகன் அவளுக்குப் பதில் கையாட்டினான். காரை நிறுத்திவிட்டு இறங்கி, விமானம் திரும்புவதைப் போனில் படம் பிடிக்க ஆரம்பித்தான்.

வால் கூடாரத்தைப் பார்த்துத் திரும்பியது. முதலில் மாவுத் துண்டுகள் பறந்தன. பிறகு கிண்ணங்கள், கம்பளம், ஆட்டுத்தலை. கூடாரத்தின் ஒரு பக்கக் கம்பளி பிய்த்துக்கொண்டு மேலே போனது. புதுக் கல்பாக் எங்கே போனது என்று இன்றுவரை யாருக்கும் தெரியாது. துணை ஆளுநர் கடிவாளத்தை விட்டுவிட்டு இரண்டு கையாலும் தலையைப் பிடித்துக்கொண்டு குப்புற விழுந்தார்.

குதிரை ஓடியது. பயந்த குதிரை கண்டபடி ஓடும். பால் கட்டிய மடியோடு குட்டியைப் பிரிந்து நிற்கிற குதிரை கண்டபடி ஓடாது, வீட்டுக்கு ஓடும். ஷெர்காசியின் வீடு ஓடுதளத்துக்கு அந்தப் பக்கம், வேலியைத் தாண்டி.

கைர்நிசா மஞ்சள் காரில் பாய்ந்து ஏறினாள். சாவி அதிலேயே இருந்தது, ரேடியோவும் இருக்கையில் கிடந்தது.

"டவர்! சாலிமா! ரன்வேல குதிர! தலைநகர் விமானம் எங்க?"

"எறங்கிட்டிருக்கு... கைர்நிசாவா? குதிரயா? எந்தக் குதிர?"

"எந்தக் குதிரயா இருந்தா என்னடி, மேல அனுப்பு அத! மேல அனுப்பு!"

சாலிமா அனுப்பினாள். அதற்குள் தெமிர்குல், தம்பி குதிரையைக் காப்பாற்றுகிறேன் என்று பெட்டி டிராக்டரோடு, பின்னால் இரண்டு பெட்டி வண்டிகள் குலுங்க, ஓடுதளத்தின் நடுவுக்கே போய்விட்டிருந்தார். தலைநகர் விமானம் சக்கரத்தை இறக்கிக்கொண்டு மரங்களுக்கு மேல் தெரிந்தது.

"வண்டி ஏழு, வெளிய வாங்க! வண்டி ஏழு!"

டிராக்டர் போய்க்கொண்டே இருந்தது. அவர் பின்னால் திரும்பக்கூட இல்லை.

"தெமிர்குல்!" என்று அலறினாள் கைர்நிசா. ரேடியோ வைத்திருந்த அத்தனை பேர் காதிலும் அது விழுந்தது. "தெமிர்குல், அட மடத் தெமிர்குல், திருப்புய்யா வண்டிய!"

அவர் திடுக்கிட்டு ஸ்டியரிங்கை ஒடித்தார். டிராக்டர் புல்லில் இறங்கியது. பெட்டிகள் சிதறின. விமானம் இன்ஜினை முழுக்கத் திறந்து எல்லார் தலைக்கும் மேலே கிழித்துக்கொண்டு எழுந்து போனது. அதன் அடிவயிறு தெரிந்தது என்றார்கள்.

கைர்நிசா குதிரையைத் துரத்தவில்லை. துரத்தினால் அது வளைந்து திரும்பவும் ஓடுதளத்துக்கு வரும். அவள் அதை முந்திப் போய் வேலியின் தீயணைப்புக் கதவைத் திறந்துவிட்டு ஒதுங்கி நின்றாள். சாம்பல் குதிரை அவளைக் கடந்து போனது. காரின் கூரையில் 'என் பின்னால் வா' இன்னும் எரிந்துகொண்டிருந்தது. ஷெர்காசி நொண்டிக்கொண்டே வீடு வந்து சேர்ந்தபோது குட்டி குடித்து முடித்திருந்தது.

தலைநகரிலிருந்து விசாரணைக்கு ஆட்கள் வந்தார்கள். அவர்கள் முதலில் கேட்ட கேள்வி, ஓடுதளத்தில் ஓடிய குதிரை யாருடையது என்பது.

கடிவாளம் கை மாறினால் குதிரை கை மாறியது. எங்கள் ஊரில் பச்சைக் குழந்தைக்கும் தெரியும். கை மாறிய வீடியோவும் இருந்தது. துணை ஆளுநர் நெஞ்சில் கை வைத்துக்கொண்டு சொன்னார்: "நான் வாங்கவே இல்லீங்க. சும்மா பிடிச்சிருந்தேன். யாரோ பிடிக்கச் சொன்னாங்க, பிடிச்சேன். அப்படி ஒரு குதிரையே எனக்குத் தெரியாது." ஆகவே குதிரை ஷெர்காசியுடையது என்று முத்திரை வைத்து எழுதிக் கொடுத்தார்கள். ஆகவே மன்னிப்பும் கேட்கப்படவில்லை. ஆகவே தப்பும் நடக்கவில்லை. அங்கியை மட்டும் அவர் திருப்பித் தரவில்லை.

தெமிர்குல் பல நாள் தம்பி வீட்டுப் பக்கம் வரவில்லை. கடைசியில் வந்தபோதும் வாசலிலேயே நின்றார்.

"உள்ள வாங்க அத்தான். நூடுல்ஸ் இருக்கு."

"எல்லார் காதும் கேக்க என் பேரச் சொல்லிட்டியேம்மா. ரெண்டு தடவ."

"மூணு தடவ. ஒண்ணு இன்ஜின் சத்தத்துல கேட்டிருக்காது."

"மடத் தெமிர்குல்னு வேற. டீக்கடையில எல்லாப் பயலும் அப்படித்தான் கூப்பிடறான். நான் மூஞ்சிய எங்க வச்சுக்கறது?"

"கழுத்துக்கு மேலயே வச்சுக்கங்க அத்தான். இப்பயும் அங்கதான இருக்கு. அது போதாதா உங்களுக்கு?" அவள் கரண்டியைப் பலகையில் ஓங்கி அடித்தாள். "ஒரு ஆளாவது, ஒரே ஒரு ஆளாவது, 'நீ கத்துனதால நான் உயிரோட இருக்கேன்'னு சொன்னீங்களா? தொப்பி விழுந்துச்சுன்னு ஒருத்தரு. பேரு போச்சுன்னு இன்னொருத்தரு. செத்திருந்தா எதுமேல தொப்பி போடுவீங்க, எந்தப் பேரக் கூப்பிட்டா திரும்பிப் பாப்பீங்க?"

தெமிர்குல் செருப்பை வாசலில் கழற்றினார். பிறகு உள்ளே வந்து உட்கார்ந்தார். ஷெர்காசி அவர் முன்னால் ஒரு கிண்ணம் கிமிஸ் வைத்தான். அவர் அதைக் குடித்துவிட்டு, புளிப்பு கொஞ்சம் தூக்கல் என்றார்.

அதே மாதத்தில் அக்கா மகன் மேசை வேலைக்கு மாற்றல் வாங்கிக்கொண்டான். இயக்குநர் ஓரோஸ்பாய் சொன்ன சொல் தவறாமல் சாவியைத் தன் கையாலேயே கைர்நிசாவிடம் கொடுத்தார். நீலப் பலகை இன்னும் எரிகிறது.

வெளிநாட்டு விமானமும் தலைநகர் விமானமும் இப்போது இங்கே இறங்காமல் அக்கரை ஊருக்குப் போகின்றன.